கதை இலாகாவிலிருந்து கடற்கரைச் சாலைக்கு

தமிழ்ப் படங்களின் தொடக்கத்தில் ஓடும் பெயர்ப் பட்டியலில் கதை, திரைக்கதை, வசனம் என்னும் மூன்று சொற்கள் சில காலம் சேர்ந்தும் சில காலம் பிரிந்தும் வந்திருக்கின்றன. திரை எழுத்தாளர் என்ற தொழில் கடந்து வந்த பாதையை அறிய இந்தப் பட்டியலைவிடச் சுருக்கமான சான்று வேறில்லை. கதை என்பது நிகழ்ச்சிகளின் கரு. திரைக்கதை என்பது அக்கருவைக் காட்சி காட்சியாக அடுக்கும் வரைவு. வசனம் என்பது பாத்திரங்கள் பேசும் பேச்சு. மூன்றும் ஒருவரே செய்யக்கூடியவை என்றாலும், தமிழகத்தில் முதலில் புகழும் ஊதியமும் பெற்றது வசனமே.

1931-இல் ‘காளிதாஸ்’ வெளிவந்ததிலிருந்து சில ஆண்டுகள் வரை தமிழ்ப் பேசும்படம் நாடக மேடையிலிருந்தே சரக்கை எடுத்துக்கொண்டதால், பம்மல் சம்பந்த முதலியார் போன்ற நாடகாசிரியர்களின் பிரதிகளே பெரும்பாலும் போதுமானவையாக இருந்தன. படத்துக்கென்றே எழுதுபவர் என்ற தனி ஆளுமை இளங்கோவனிடம் தெளிவாகத் தெரிகிறது. ‘மணிக்கொடி’ இதழின் வட்டத்திலிருந்து வந்த அவர், தமிழ் அறியாத அமெரிக்கரான எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய ‘அம்பிகாபதி’ (1937) படத்துக்கும், பின்னர் ‘கண்ணகி’ (1942) படத்துக்கும் எழுதிய இலக்கியச் சாயலுள்ள உரையாடல் வசனகர்த்தாவைச் சுவரொட்டியில் இடம்பெறத் தக்கவராக்கியது.

இதற்கு நேர்மாறானது எஸ்.எஸ். வாசனின் ஜெமினி ஸ்டூடியோ கண்ட ஏற்பாடு. கொத்தமங்கலம் சுப்பு உள்ளிட்ட பலர் மாதச் சம்பளத்துக்கு அமர்ந்து கூடிப் பேசிக் கதை செய்த அந்தப் பிரிவு, ‘ஜெமினி கதை இலாகா’ என்ற பெயராலேயே பட்டியலில் இடம்பெற்றது. இலாகா என்பது அரசு அலுவலகச் சொல்; படைப்பை ஒரு துறையின் கோப்பாகக் கருதிய மனநிலையை அது மறைக்கவில்லை என்பதோடு, தனி எழுத்தாளரின் பெயரைக் கூட்டுப் பெயருக்குள் கரைத்துவிட்டது என்பதையும் கவனிக்க வேண்டும். ஆயினும் தவறாத மாதச் சம்பளம் அற்பமானதன்று. அத்தகைய நிலைத்த இடம் வாய்க்காத சிறுகதையாளர் புதுமைப்பித்தன், ‘ராஜமுக்தி’ படத்துக்கு எழுதுவதற்காகப் புனே சென்று, காசநோய் முற்றித் திரும்பி 1948-இல் இறந்தார். படம் அவர் மறைவுக்குப் பிறகே வெளிவந்தது.

வசனத்தின் ஆட்சி உச்சத்தைத் தொட்டது ‘பராசக்தி’யில் (1952). அப்படத்தின் மூலக்கதை பாவலர் பாலசுந்தரத்தின் நாடகம். ஆனால் கிருஷ்ணன்–பஞ்சு இயக்கிய அந்தப் படம் திரைக்கதையும் வசனமும் எழுதிய மு. கருணாநிதியின் படமாகவே மக்கள் மனத்தில் நின்றுவிட்டது. நீதிமன்றக் காட்சியின் பேச்சு இசைத்தட்டாகவும் நூலாகவும் விற்றதால், எழுத்து படத்தைவிட்டு வெளியேறித் தனிப் பண்டமாயிற்று. மேடைப் பேச்சும் திரைப் பேச்சும் ஒன்றையொன்று வளர்த்த இக்காலத்தில் நடிகருக்கு இணையாக வசனகர்த்தாவுக்காகவும் கொட்டகைக்குக் கூட்டம் வந்தது. அந்த நிலை பிற்காலத்தில் எந்தத் திரை எழுத்தாளருக்கும் அதே அளவில் வாய்க்கவில்லை.

சரிவு ஒரு வகையில் எழுத்தாளர்களின் வெற்றியிலிருந்தே தொடங்கியது. வசனகர்த்தாவாக வந்த ஸ்ரீதர் ‘கல்யாண பரிசு’ (1959) வழியாக இயக்குநரானார். அடுக்குமொழியை விட்டு வீட்டுப் பேச்சுக்கு இறங்கிய அவரது முறை பரவியது. கணக்காயர் அலுவலகத்தில் பணிபுரிந்துகொண்டே சபா நாடகங்கள் எழுதிய கே. பாலசந்தர், ‘தெய்வத்தாய்’ (1964) படத்துக்கு வசனம் எழுதிய மறு ஆண்டிலேயே ‘நீர்க்குமிழி’யை இயக்கினார். ‘கிழக்கே போகும் ரயில்’ (1978) படத்துக்கு வசனம் எழுதிய பாக்யராஜ் அடுத்த ஆண்டே இயக்குநரானார். ‘கதை, திரைக்கதை, வசனம், இயக்கம்’ என்ற நான்கும் ஒரே பெயரின் மேல் ஏறிய பிறகு, எழுத விரும்பிய இளைஞருக்கு எழுத்து தொழிலாக இல்லாமல் இயக்கத்துக்குச் செல்லும் ஏணியாகிவிட்டது. காட்சிகளைத் தீர்மானிக்கும் ‘டிஸ்கஷன்’ எனும் கதை விவாதம் விடுதி அறைகளில் நடக்க, அதில் உழைத்த பலர் பட்டியலில் துணை இயக்குநர்களாக மட்டுமே குறிக்கப்பட்டனர்.

இந்தப் போக்குக்கு வெளியே நின்றவர்கள் பெரும்பாலும் வேறிடத்தில் முன்பே பெயர் பெற்றவர்கள். ‘நாயகன்’ (1987) படத்துக்குப் பாலகுமாரனும், ‘ரோஜா’ (1992), ‘இந்தியன்’ (1996) ஆகியவற்றுக்குச் சுஜாதாவும், ‘மைக்கேல் மதன காம ராஜன்’ (1990) படத்துக்குக் கிரேஸி மோகனும் வசனம் எழுதினர். முதலிருவருக்கு வார இதழ்களும் மூன்றாமவருக்கு நாடக சபாவும் வாசகர்களையும் ரசிகர்களையும் முன்பே சேர்த்திருந்தன.

எழுத்தை மீண்டும் அன்றாடத் தொழிலாக்கியது தொலைக்காட்சி. சென்னைத் தூர்தர்ஷன் 1975-இல் தொடங்கியபின், பதின்மூன்று வாரத் தொடர் என்ற அளவு வழக்கமாயிற்று. அது எழுதி முடித்துவிட்டுப் படப்பிடிப்புக்குப் போகக்கூடிய நீளம். 1993-இல் சன் தொலைக்காட்சி வந்து, நூற்றாண்டின் இறுதியில் ‘சித்தி’ போன்ற நெடுந்தொடர்கள் வேரூன்றியபோது, திங்கள் முதல் வெள்ளிவரை நாள்தோறும் ஒரு பகுதி தேவைப்பட்டது. 2003 முதல் 2009 வரை ஓடிய ‘கோலங்கள்’ 1,500 பகுதிகளைத் தாண்டியது. இந்த அளவு ஒரு மனிதரின் பேனாவுக்கு அடங்காததால் திரைக்கதை ஒருவரிடமும் வசனம் மற்றொருவரிடமும் பிரிந்தன. சினிமா இணைத்துவிட்ட வரிகளைச் சின்னத்திரை மறுபடியும் பிரித்தது.

தொடர்கள் எடுக்கப்படும் இடமும் எழுத்தை மாற்றியது. கோடம்பாக்கத்தின் பழைய படப்பிடிப்புத் தளங்கள் குறையக் குறைய, பெரிய கூடமும் மாடிப்படியும் தேவைப்பட்ட குடும்பத் தொடர்கள் வாடகை வீடுகளைத் தேடின. கோட்டிவாக்கத்துக்கும் நீலாங்கரைக்கும் இடையிலுள்ள, 2011-இல் சென்னை மாநகராட்சியில் இணைந்த பாலவாக்கமும் அதையடுத்த கிழக்குக் கடற்கரைச் சாலை ஊர்களும் அத்தகைய பங்களாக்களைக் கொண்டவை. வீடு நாள் வாடகைக்கு எடுக்கப்படுவதால், அன்று அங்கே எடுக்கத்தக்க காட்சிகள் எவை, எந்த நடிகர் இருப்பார் என்பவற்றைக் கணக்கிட்டே வசனத்தாள் எழுதப்படுகிறது. கதை நடிகரின் கால்ஷீட்டுக்கும் வீட்டின் அறைகளுக்கும் கட்டுப்படுகிறது. இதை இழிவாகக் கருதுவோர் உண்டு; ஆனால் கதை இலாகாவும் முதலாளியின் விருப்பத்துக்கும் தளத்தின் வசதிக்கும் கட்டுப்பட்டதே. வசனத்தின் உச்சத்தைத் தொட்டவரும் சின்னத்திரைக்கு எழுதத் தயங்கவில்லை: ‘ராஜகுமாரி’யில் (1947) தொடங்கிய கருணாநிதியே 2015-இல், 91-ஆம் வயதில், ‘ராமானுஜர்’ தொடருக்கு எழுதினார்.

கதையின் உரிமை பற்றிய வழக்குகள் இன்றும் பெயர்ப் பட்டியலையே சுற்றி வருகின்றன. 2018-இல் ‘சர்கார்’ படக் கதை தாம் தென்னிந்தியத் திரைப்பட எழுத்தாளர் சங்கத்தில் முன்பே பதிவுசெய்த கதையை ஒத்தது என ஒரு துணை இயக்குநர் முறையிட்டபோது, அச்சங்கத்தின் தலைவராயிருந்த பாக்யராஜ் ஒற்றுமை இருப்பதாகக் கூறினார். படத்தின் இயக்குநர் அது தம் சொந்தக் கதையே என்றார். வழக்கு சமரசத்தில் முடிந்து, முறையிட்டவரின் பெயரைக் குறிப்பிடும் ஓர் அட்டை படத்தின் தொடக்கத்தில் சேர்க்கப்பட்டது.