மலைப்பாதையும் மோட்டாரும் படப்பெட்டியும்

கொழும்பிலிருந்து கண்டிக்கு மோட்டாரிற் சென்றவர் யாவரும் கடுகண்ணாவை ஏற்றத்தை அறிவர். ஆளுநர் பார்ன்ஸ் காலத்திலே, 1820-களில், கப்டன் டோசன் என்னும் பொறியியலாளரின் மேற்பார்வையில் அமைந்த வழி அது. அவர் நினைவாக எழுந்த கோபுரம் இன்றும் அங்கே நிற்கின்றது. அம்மலை வளைவுகள் வேகப் பிரியனுக்கு ஆசை காட்டுவன; வீதிக் காவலனுக்கோ அச்சம் ஊட்டுவன. மோட்டாரைப் படம் பிடித்த விவரணப்படக் கலைஞரும் இவ்விருவரில் ஒருவர் பக்கமே நின்றனர். எப்பக்கம் நிற்பது என்பதைப் பெரும்பாலும் பணங் கொடுத்தவரே தீர்மானித்தார்.

1934 ஆம் ஆண்டை எடுத்துக்கொள்வோம். நுவரெலியாவில் மகாகஸ்தோட்டை மலையேற்றப் பந்தயம் தொடங்கியது அவ்வாண்டில். பசில் றைட் என்னும் ஆங்கிலேயர் 'சோங் ஒவ் சிலோன்' என்ற படத்தை உருவாக்கியதும் அவ்வாண்டில். ஷெல் எண்ணெய்க் கம்பனி தனக்கெனத் திரைப்படப் பிரிவொன்றை நிறுவியதும் அதே ஆண்டிலேதான்.

றைட்டுக்குப் பணம் தந்தது இலங்கைத் தேயிலைப் பிரசார சபை. வந்தவரோ கண்டி நடனத்திலும் சிவனொளிபாதமலை யாத்திரையிலும் மனத்தைப் பறிகொடுத்தார். கண்டி இராச்சியத்தில் ஏறத்தாழ 20 ஆண்டுகள் கைதியாயிருந்த றொபேட் நொக்ஸ் எழுதிய வாசகங்களை லயனல் வென்டின் குரலில் ஒலிக்கச் செய்தார். படத்தின் நான்கு பகுதிகளில் ஒன்றையே வணிகத்துக்கு ஒதுக்கினார். சபையார் கேட்டது இதுதானா என்பது வேறு விடயம். நமக்கு வாய்த்தது நற்பேறு.

ஷெல் பிரிவிலோ இத்தகைய இழுபறிக்கு இடமிருக்கவில்லை. இரண்டாம் உலகப் போருக்குப் பின் அங்கே சேர்ந்த பில் மேசன், மோட்டார்ப் பந்தயத்தையே தம் வாழ்நாட் பொருளாக வரித்துக்கொண்டவர். பழைய பென்ட்லி வண்டியைத் தாமே பந்தயத்தில் ஓட்டியவர். 1902 முதலான பந்தயங்களின் வரலாற்றைத் தொடர்ப் படங்களாக்கினார். எண்ணெய் விற்பவனுக்கும் வேகத்தை நேசித்த கலைஞனுக்கும் ஒரே வழி; ஆதலின் அவர் எவரையும் ஏமாற்ற வேண்டியிருக்கவில்லை.

நம் நாட்டிலே பணம் கொடுத்தது அரசாங்கம். 1948 இல் அரசாங்கத் திரைப்படப் பிரிவு அமைந்தது. லண்டனிற் பத்திரிகையாளராயிருந்து குறும்படங்கள் எடுத்த லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ், றால்ஃப் கீன் அழைப்பில் 1952 இல் அங்கு சேர்ந்தார். 1955 இல் அவர் எடுத்த 'பீ சேஃப் ஓர் பீ சொறி' மோட்டார் வண்டியைப் பற்றியதுதான். ஆயினும் வீதிப் பாதுகாப்பைப் போதிக்கும் படம். வேகம் அங்கே குற்றவாளிக் கூண்டில் நின்றது. மலைவீதிகள் நிறைந்த நாட்டுக்கு அது வேண்டிய படமே. எனினும், கலைஞனொருவன் ஆயுள் முழுவதும் எச்சரித்துக்கொண்டேயிருக்க முடியுமா?

அவ்வாண்டே பீரிஸ் வேலையைத் துறந்தார். ஒளிப்பதிவாளர் வில்லியம் பிளேக்கும் படத்தொகுப்பாளர் டைட்டஸ் டி சில்வாவும் உடன் வெளியேறினர். அரசாங்க ஊதியத்தை மூவர் ஒருங்கே கைவிடுதல் சிறு செயலன்று. விவரணப்படத்தில் வெயிலையும் வீதியையும் பழகியவர்களாதலால், படமாளிகையை விடுத்துத் திறந்த வெளியிலேயே 'ரேகாவ' கதைப்படத்தை எடுத்தனர். அது 1956 டிசம்பரில் வெளிவந்தது. மறு ஆண்டு கான் விழாவிலும் காட்டப்பட்டது.