மெலட்டூரில் ஒரு நாடகம் பிறந்தது

நரசிம்ம ஜயந்தி கோடையில் வரும். மேட்டூர்த் தண்ணீர் வர நாள் இருக்கும். தஞ்சை வயல்கள் காய்ந்து கிடக்கும். அந்த நாட்களில் மெலட்டூர் வரதராஜப் பெருமாள் கோயில் தெருவில் பந்தல் எழும்பும். மேடை கோயிலைப் பார்த்திருக்கும், பெருமாள்தான் முதல் ரசிகர். பிரகலாதன் கதையை விடிய விடிய ஆடுவார்கள், அதுவும் தெலுங்கில்.

தெலுங்கு நாயக்கர் ஆட்சியோடு வந்தது. தெற்கே வந்த பாகவதர் குடும்பங்களுக்கு அச்சுதப்ப நாயக்கர் வீடும் கிணறும் நிலமும் கொடுத்து ஊரையே எழுதிவைத்தார் என்பார்கள். அச்சுதபுரம் என்றும் ஊருக்கு ஒரு பெயர் உண்டு. சோற்றுக்குக் கவலையில்லாததால்தான் ஆட்டம் வேர்விட்டது என்பது என் கணக்கு. இன்று ஆடப்படும் நாடகங்கள் பின்னால் வந்தவை. தியாகராஜர் காலத்தவரான மெலட்டூர் வெங்கடராம சாஸ்திரி எழுதிய பிரகலாத சரித்திரம், உஷா பரிணயம், ஹரிச்சந்திரா முதலியவை.

முதலில் கோணங்கி குதித்து வருவான். அடுத்து யானைமுகம் மாட்டிய சிறுவன், பிள்ளையாராக. பெண் வேஷமும் ஆண்களே கட்டுவார்கள். நரசிம்மர் முகம் மட்டும் வெறும் வேஷச் சாமானல்ல. அதற்குப் பூஜை உண்டு. அணிபவர் விரதமிருப்பார். ஆவேசம் வந்து இரணியன்மேல் பாயும்போது பிடித்து நிறுத்த ஆள் வேண்டும்.

இந்த ஆட்டத்தைக் காத்தவர்களில் 'பரதம்' நடேச ஐயர் முக்கியமானவர். அவரிடம் ஆட்டம் கற்க வந்தார் சென்னை வக்கீல் இ. கிருஷ்ண ஐயர். சுகுண விலாச சபை நாடகத்தில் ஆடும் பெண் வேஷம் கிடைத்தபோது தொற்றிய ஆசை அது. 1932இல், பரதநாட்டியத்தின் பழைய வடிவமான சதிராட்டத்தை ஒழிக்கவேண்டும் என்று முத்துலட்சுமி ரெட்டி எழுதியபோது பத்திரிகையில் எதிர்த்து வாதாடியவர் இவர்தான். பரதநாட்டியத்தை மீட்டவர் என்று புகழும் பலரும் அவர் சலங்கை கட்டப் பழகிய ஊரை மறந்துவிடுகிறார்கள்.

நடேச ஐயருக்குப் பிறகு மேடை தளர்ந்தது. 1930களின் இறுதியில் கணேச ஐயர், பாலு பாகவதர் முதலியோர் கிருஷ்ண ஐயரின் துணையோடு மறுபடி ஆடத் தொடங்கினார்கள். பின்னர் ருக்மிணி தேவி இந்த நாடகங்களைக் கலாக்ஷேத்திராவில் மேடையேற்றினார்.

இப்போது மெலட்டூரில் இரண்டு குழுக்கள் தனித்தனியே விழா எடுக்கின்றன. ஆட ஆளில்லாமல் தவித்த ஊருக்கு இது மோசமில்லை.