டிட்டிகாக்கா கரையின் மேட்டுப்பாத்திகள்

பெருவும் பொலிவியாவும் பங்கிட்டுக்கொள்ளும் டிட்டிகாக்கா ஏரி கடல்மட்டத்திலிருந்து சுமார் 3,800 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. பகலில் தோலைச் சுடும் வெயில். மேகமற்ற இரவுகளிலோ நிலம் தன் வெப்பத்தை வானுக்கு இழந்துவிடும். பயிர் வளரும் மாதங்களிலும் உறைபனி இறங்கும். ஒரே இரவில் உருளைக்கிழங்குச் செடிகள் கருகிவிடுவதுண்டு. இத்தகைய இடத்தில், கரையோரச் சதுப்புச் சமவெளியில் மனிதர்கள் பெருமளவில் பயிர் செய்தார்கள் என்பதே வியப்புக்குரிய செய்தி.

அதற்கு அவர்கள் கண்ட வழி மேட்டுப்பாத்தி. வாய்க்கால் வெட்டி, எடுத்த மண்ணை இருபுறமும் குவித்துப் பல மீட்டர் அகலமும் ஏறத்தாழ ஒரு மீட்டர் உயரமும் கொண்ட நீண்ட பாத்திகளை அமைத்தார்கள். கெச்சுவா மொழியில் இவற்றை வாரு வாரு என்றும், அய்மாரா மொழியில் சுகா கொல்யு என்றும் அழைக்கிறார்கள். வாய்க்கால் நீர் பகலில் வெயிலின் வெப்பத்தை வாங்கி வைத்துக்கொண்டு, இரவில் மெல்ல வெளியிடும். கனத்த குளிர்காற்று பாத்தியிலிருந்து தாழ்ந்த வாய்க்காலுக்கு இறங்கிவிடும். வாய்க்காலில் படியும் வண்டல் மறுபடியும் பாத்திக்கு உரமாகும். வெள்ளக் காலத்தில் பயிரின் வேர் அழுகாமல் இருக்கவும், வறட்சியில் ஈரம் கிடைக்கவும் அதே அமைப்பு உதவியது.

ஸ்பானியர் வருவதற்கு முன்பே பெரும்பாலான பாத்திகள் கைவிடப்பட்டுப் புல் மூடிக் கிடந்தன. 1968இல் வில்லியம் டெனெவனும் உடனாய்வாளர்களும் ஏறத்தாழ 82,000 ஹெக்டேர் பரப்பில் இவற்றின் தடங்கள் இருப்பதாகப் பதிவு செய்தார்கள். இவற்றை எழுப்பியது யார் என்பதில் இன்றும் கருத்து வேறுபாடு உண்டு. தியவனாக்கு அரசின் திட்டமிட்ட பணி என்றார் ஆலன் கொலாட்டா. அரசு தோன்றுவதற்கு வெகுகாலம் முன்பே ஊர்ச் சமூகங்கள் தாமே தொடங்கியவை என்றார் கிளார்க் எரிக்சன்.

1981 முதல் எரிக்சன், பெருவின் உவாத்தா பகுதி உழவர்களோடு சேர்ந்து பழைய பாத்திகளை மீண்டும் எழுப்பினார். சாக்கிதாக்ல்யா என்னும் கால்கலப்பையே முக்கியக் கருவி. விளைச்சல் அப்பகுதியின் சராசரியைவிடப் பல மடங்கு வந்தது. பொலிவியக் கரையில் கொலாட்டாவும் ஓஸ்வால்டோ ரிவேராவும் நடத்திய சோதனையிலும், கடும் உறைபனிக்குப் பின் பக்கத்து வயல்கள் பாழாக, பாத்திப் பயிர் பெரும்பாலும் பிழைத்தது. அரசுகளும் தொண்டு நிறுவனங்களும் ஆர்வத்தோடு முன்வந்து உழைத்தவர்களுக்கு உணவும் கூலியும் வழங்கின.

ஆயினும் 2000ஐ ஒட்டிய ஆண்டுகளில் அவ்வாறு புதுப்பிக்கப்பட்ட பாத்திகளில் பெரும்பாலானவை மறுபடியும் கைவிடப்பட்டிருந்தன. உதவி நின்றதும் உழைப்பும் நின்றது. உழவர்கள் முன்னோர் அறிவை மறந்துவிட்டார்கள் என்று நாம் எளிதாகச் சொல்லிவிடலாம். ஆனால் அவர்களுடைய கணக்கையும் கேட்க வேண்டும். பாத்தி மண் ஓரிரு போகங்களில் வளம் குன்றும். ஓய்வு ஆண்டுகளையும் சேர்த்துப் பார்த்தால் உழைப்புக்கேற்ற பலன் குறைவு என்று 2005இல் மாத்யூ பேண்டி வாதிட்டார். குளிர்காற்று தாழ்நிலத்தில் தேங்குவதால் மலைச்சரிவில் உறைபனி குறைவு. ஆகவே உழவர்கள் சரிவுகளில் வெவ்வேறு உயரங்களில் சிறு சிறு துண்டு நிலங்களில் பல வகைக் கிழங்குகளை நடுகிறார்கள். ஓரிடம் கருகினாலும் மற்றோரிடம் காக்கும். உறைபனியும் அவர்களுக்கு முற்றிலும் பகையன்று. அறுவடைக்குப் பின் வரும் கடுங்குளிரில் கிழங்கை உறையவிட்டு, மிதித்து நீர் நீக்கி, வெயிலில் உலர்த்திச் சூன்யோ என்னும் நெடுநாள் கெடாத உணவாக்குகிறார்கள்.

மேட்டுப்பாத்தி உறைபனியை வென்றது உண்மையே. ஆண்டுதோறும் வாய்க்காலைத் தூர்வாரும் கைகளும், அக்கைகளைச் சேர்த்து வைத்திருந்த சமூகத் தேவையும் அந்த வெற்றிக்குப் பின்னால் இருந்தன. மண்ணை மீண்டும் குவித்துவிடலாம். அந்தத் தேவையை வெளியிலிருந்து கொண்டுபோய்க் கொடுக்க முடியாது. பழைய அறிவை மீட்போம் என்று கிளம்பும் நாம், இன்று அந்நிலத்தில் வாழ்பவர்களின் அறிவுக்கும் அதே மதிப்பைத் தர வேண்டும் என்பதே டிட்டிகாக்கா கரை நமக்குச் சொல்வது.