ஒரே ஒரு பாய்!

எதிர்வீட்டு மாமி ஒரு நாள் காலை கையில் இரண்டு நோட்டீஸோடு வந்தார். ‘‘ராத்திரியில தூக்கமே வரமாட்டேங்குது. டாக்டர் யோகா பண்ணச் சொல்லிட்டார். இது ரெண்டுல எதுல சேரலாம், நீங்களே சொல்லுங்கோ!’’

வாங்கிப் பார்த்தேன். முதல் நோட்டீஸ் வழவழவென்று கலரில் இருந்தது. கல்யாண மண்டபம் சைஸில் ஹால், முழுக்க ஏ.ஸி., மைக் பிடித்த மாஸ்டர், ஒரு ‘பேட்ச்’சுக்கு அறுபது பேர். இரண்டாவது, வெறும் ஜெராக்ஸ் காகிதம். பின்தெருவில் ஒரு வீட்டு மாடி. ஒரு நேரத்தில் ஒரே ஒரு ஆள். ஃபீஸ் மட்டும் கொஞ்சம் கூட!

நான் யோகா மாஸ்டர் இல்லை. எனக்குத் தெரிந்ததெல்லாம் பழைய கதைகள்தான். ஆனால், மாமியின் கேள்விக்கு ஒரு பழைய கதைக்குள் பதில் இருக்கிறது. ஹாலில் நூறு கண்கள் பார்க்கப் பாடம் நடத்தியவரும் அவர்தான். பிற்காலத்தில், ஒரே ஒரு பாயை விரித்து, ஒரே ஒரு மாணவர் முன் உட்கார்ந்தவரும் அவர்தான். பெயர், திருமலை கிருஷ்ணமாச்சாரியார்!

1888-ல், இன்றைய கர்நாடகத்தின் சித்ரதுர்கா பகுதியில் உள்ள முச்சுகுந்தபுரம் என்ற கிராமத்தில் பிறந்தவர். வைணவக் குடும்பம். நாலாயிர திவ்யப் பிரபந்தத்தைத் தொகுத்த, நம்ம காட்டுமன்னார்கோவில் நாதமுனிகளின் வழிவந்தவர்கள் நாங்கள் என்று சொல்லிக்கொண்ட குடும்பம். பதினாறு வயதில் ஆழ்வார்திருநகரிக்குப் போனபோது, மயக்கம் போன்ற ஒரு நிலையில் நாதமுனிகளே தோன்றி ‘யோக ரகசியம்’ என்ற நூலைத் தனக்கு ஓதினார் என்று கிருஷ்ணமாச்சாரியார் சொல்வார். நம்புவதும் நம்பாததும் நம் இஷ்டம். ஆனால், அந்த நூலைச் சொல்லித்தான் அவர் கடைசிவரை பாடம் நடத்தினார்.

அவருடைய பாண்டித்தியம் மைசூர் மகாராஜா நால்வடி கிருஷ்ணராஜ உடையாரின் காதுக்கு எட்டியது. 1933-ல் ஜகன்மோகன் அரண்மனையில் ஒரு யோகசாலை திறக்கப்பட்டது. மறு வருஷமே ‘யோக மகரந்தம்’ என்று கன்னடத்தில் ஒரு புத்தகமும் எழுதினார்.

யோகசாலை எப்படி இருந்திருக்கும்? சாம்பிராணிப் புகை, மெல்லிய வீணை இசை என்றெல்லாம் கற்பனை செய்துகொள்ளாதீர்கள்! பெரும்பாலும் அரச குடும்பத்துப் பையன்கள். துறுதுறுவென்று ஓடுகிற வயசு. ஒரு ஆசனத்திலிருந்து இன்னொன்றுக்குத் துள்ளித் தாவுவார்கள். மகாராஜாவின் விருந்தாளிகள் முன்னால் அடிக்கடி செய்முறை விளக்கம் வேறு. 1938-ல் மைசூரில் எடுத்த மௌனப் படம் ஒன்று இன்றும் இருக்கிறது. அதில் ஆசனம் செய்பவர்களின் உடம்பு ரப்பர் மாதிரி வளைவதைப் பார்த்தால் நமக்கு முதுகு வலிக்கும்!

வாத்தியார் எப்படி? மகா கண்டிப்பு. அவருடைய பார்வைக்கே பையன்கள் நடுங்கினார்கள்.

அந்தக் கூட்டத்தில் நோஞ்சானாக ஒரு பையன் இருந்தான். கிருஷ்ணமாச்சாரியாரின் மனைவிக்குத் தம்பி. சின்ன வயதிலிருந்தே காய்ச்சல், காசநோய் என்று அடிமேல் அடி வாங்கிய உடம்பு. ‘இவனுக்கெல்லாம் யோகா வராது’ என்று அத்திம்பேர் அவனைக் கண்டுகொள்ளவே இல்லை. ஒரு நாள், மேடையில் செய்து காட்ட ஆள் குறைந்தது. ‘ஹனுமானாசனம் போடு!’ என்றார். இரண்டு கால்களையும் முன்னும் பின்னுமாக, தரையோடு தரையாக நீட்டி உட்காரும் ஆசனம் அது. பையனோ அதைக் கற்றுக்கொண்டதே இல்லை. ஆனால், மறுத்துப் பேச தைரியம் ஏது? போட்டான். தொடையின் பின்பக்கத் தசைநார் கிழிந்தது. அந்த வலி போக ரொம்ப காலம் ஆயிற்று என்று பிற்காலத்தில் அவரே சொல்லியிருக்கிறார்.

அந்தப் பையன்தான் பின்னால் உலகமே கொண்டாடிய பி.கே.எஸ்.ஐயங்கார்! 1937-ல் புனே போனவர், கட்டை, கயிறு, நாற்காலி என்று எதையெல்லாமோ முட்டுக்கொடுத்து, வளையாத உடம்புக்கும் ஆசனம் சொல்லிக்கொடுக்கும் வழியை வளர்த்தெடுத்தார். நோஞ்சான் உடம்பின் கஷ்டம் என்னவென்று அவருக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டியிருக்கவில்லை.

அதே 1937-ல் யோகசாலைக்கு ஒரு வெள்ளைக்காரப் பெண்மணி வந்தார். ரஷ்யப் பேரரசின் ரீகா நகரில் பிறந்தவர். பின்னாளில் உலகம் அறிந்த பெயர், இந்திரா தேவி. ‘அந்நியர், அதிலும் பெண்... முடியவே முடியாது!’ என்றார் கிருஷ்ணமாச்சாரியார். மகாராஜாவே சிபாரிசுக்கு வந்தார். வேறு வழியில்லாமல் ஒப்புக்கொண்டவர், கடும் பத்தியம், கடும் நேரக் கட்டுப்பாடு என்று போட்டு வதைத்தார். தானாக ஓடிவிடுவாள் என்று நினைப்பு! அந்த அம்மா அசையவில்லை. மெல்ல மெல்ல வாத்தியார்தான் அசைந்தார். தனியாக உட்கார வைத்து மூச்சுப் பயிற்சி சொல்லிக்கொடுத்தார். கடைசியில், ‘இனி நீயே மற்றவர்களுக்குச் சொல்லிக் கொடு’ என்று அனுப்பியும் வைத்தார். இந்திரா தேவி 1939-ல் ஷாங்காயில் வகுப்பு நடத்தினார். பிறகு ஹாலிவுட்டில் ஸ்டூடியோ திறந்தார். நடிகைகள் கிரேட்டா கார்போ, குளோரியா ஸ்வான்ஸன் எல்லாம் அவரிடம் கற்றவர்கள்.

கவனித்தீர்களா? தாவிக் குதிக்கும் பையன்களுக்கான பாடத்தை, முப்பதுகளின் இறுதியில் இருந்த ஒரு பெண்ணுக்கு அப்படியே கொடுக்க முடியவில்லை. ஆளைப் பார்த்து மாற்ற வேண்டியிருந்தது.

1940-ல் மகாராஜா காலமானார். பிறகு தேசம் சுதந்திரம் அடைந்தது. அரண்மனைகளின் செல்வாக்கு குறைந்தது. யோகசாலைக்கு வரும் பையன்கள் விரல்விட்டு எண்ணுகிற அளவுக்கு வந்தார்கள். 1950-ல் கதவை இழுத்துச் சாத்தினார்கள். அறுபது வயதைத் தாண்டிய பண்டிதர், பெரிய குடும்பத்தோடு, வேலையில்லாமல் நின்றார்!

1952-ல் மெட்ராஸிலிருந்து அழைப்பு வந்தது. பக்கவாதத்தால் படுத்துவிட்ட பிரபல வக்கீல் ஒருவருக்கு சிகிச்சை அளிக்கக் கூப்பிட்டார்கள். வந்தவர், இங்கேயே தங்கிவிட்டார். மகாராஜா இல்லை, ஹால் இல்லை, மேடை இல்லை. வந்தவர்களும் துள்ளுகிற பையன்கள் இல்லை... முதுகுவலி, மூச்சிரைப்பு, சர்க்கரை, தூக்கமின்மை! ஒருவருக்கு ஏற்றது இன்னொருவருக்கு ஏறாது. ஆகவே, ஒரு நேரத்தில் ஒருவர்.

புதிதாக ஒருவர் வந்தால், முதல் வேலை ஆசனம் இல்லை. நாடி பிடித்துப் பார்ப்பார். முகத்தின் நிறத்தைப் பார்ப்பார். மூச்சு எப்படிப் போய் வருகிறது என்று காது கொடுத்துக் கேட்பார். அப்புறம்தான் பாடம். கால் நீட்ட முடியாதவர் முழங்காலை மடித்துக்கொள்ளலாம். கை தூக்க முடியாதவர் பாதி தூக்கினால் போதும். ஆசனத்துக்காக ஆளை வளைக்காமல், ஆளுக்காக ஆசனத்தை வளைத்தார். மைசூரில் மச்சினனின் தசைநார் கிழியக் காரணமாக இருந்த அதே மனிதர்!

இந்த மாற்றத்தைக் கண்ணால் கண்டு ஆடிப்போனவர், அவருடைய மகன் டி.கே.வி.தேசிகாச்சார். சின்ன வயதில் அவருக்கு யோகா என்றாலே வேப்பங்காய். அப்பா கூப்பிட்டால் தென்னை மரத்தில் ஏறிக்கொள்வார். ஒரு தடவை பிடிபட்டபோது, பத்மாசனத்தில் வைத்துக் கை காலைக் கட்டிப் போட்டாராம் அப்பா! பிள்ளை இன்ஜினீயரிங் படித்து, வேலைக்குக் கிளம்பத் தயாராக இருந்தார்.

1960-களின் தொடக்கம். வீட்டு வாசலில் உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டிருந்தார் தேசிகாச்சார். ஒரு பெரிய கார் வந்து நின்றது. அதிலிருந்து இறங்கிய நியூஸிலாந்துப் பெண்மணி ஒருவர் ஓடிவந்து, வேட்டியும் திருமண்ணுமாக நின்ற அப்பாவைக் கட்டிப்பிடித்துக்கொண்டார். அந்தக் காலத்து மெட்ராஸில், நட்டநடுத் தெருவில்! பிள்ளைக்கு அதிர்ச்சி. விஷயம் என்னவென்று விசாரித்தால்... அந்த அம்மாவுக்கு வருஷக்கணக்காகத் தூக்கம் கிடையாது, மாத்திரை போட்டால்தான் உண்டு. அப்பாவிடம் கற்றுக்கொள்ள ஆரம்பித்த பிறகு, முந்தைய ராத்திரிதான் முதல் முறையாக மாத்திரை இல்லாமல் தூங்கியிருக்கிறார்!

தேசிகாச்சார் வேலையை விட்டார். ‘எனக்கும் சொல்லிக்கொடுங்கள்’ என்று அப்பா முன்னால் நின்றார். அப்பா லேசில் மசிவாரா? ‘காலை மூன்றரை மணிக்கு வா’ என்றார். பிள்ளை வந்தார். அப்பா இருந்த காலம் வரை கற்றார். அறுபதுகளின் நடுவில், எழுபது வயது ஜே.கிருஷ்ணமூர்த்திக்கு அடையாறு வஸந்த விஹாரில் யோகா சொல்லிக்கொடுக்கும் வாய்ப்பு, முப்பதைத் தொடாத தேசிகாச்சாரைத் தேடி வந்தது. 1976-ல் அப்பாவின் பெயரில் சென்னையில் கிருஷ்ணமாச்சார்ய யோக மந்திரத்தைத் தொடங்கினார். ஒரு ஆசிரியர், ஒரு மாணவர் என்பதுதான் அங்கே அடிப்படை.

ஒரு விநோதம் பாருங்கள். 2015, ஜூன் 21. முதல் சர்வதேச யோகா தினம். டெல்லி ராஜபாதையில் 84 நாட்டுக்காரர்கள் உட்பட 35,985 பேர் ஒரே நேரத்தில் ஆசனம் செய்து கின்னஸ் சாதனை படைத்தார்கள். ‘ஒருவருக்கு ஒருவர்’ என்று வாழ்நாளெல்லாம் சொன்ன தேசிகாச்சாருக்கு அன்றுதான் 77-வது பிறந்த நாள்! மறு வருஷம் ஆகஸ்டில் அவர் காலமானார்.

அதற்காகக் கூட்ட வகுப்பெல்லாம் மோசம் என்று சொல்லவில்லை. திருவிழாவுக்குக் கூட்டம்தான் அழகு. ஆரோக்கியமான இளவட்டங்கள் பத்துப் பேர் சேர்ந்து செய்தால் உற்சாகம்தான். ஆனால், தூக்கம் கெட்டவருக்கும் இடுப்பு பிடித்துக்கொண்டவருக்கும் மைக் எப்படி பதில் சொல்லும்?

அதேபோல், சின்ன இடம் என்பதாலேயே கண்ணை மூடிக்கொண்டு நம்பிவிடவும் கூடாது. கிருஷ்ணமாச்சாரியாரின் இன்னொரு சீடர் பட்டாபி ஜோயிஸ், மைசூர் லக்ஷ்மிபுரத்தில் பன்னிரண்டு பேர் மட்டுமே கொள்ளும் அறையில் பல வருஷங்கள் பாடம் நடத்தினார். உலகம் முழுவதிலிருந்தும் வந்து வாசலில் காத்திருந்தார்கள். அந்த அறையில் ஆசனத்தைச் சரிசெய்கிறேன் என்று தங்களைத் தகாத முறையில் தொட்டதாகப் பிற்காலத்தில் பல மாணவிகள் புகார் சொன்னார்கள். 2019-ல் அவருடைய பேரன் சரத் ஜோயிஸே அதற்காகப் பகிரங்கமாக வருத்தம் தெரிவித்து எழுதினார். அறை சிறியதாக இருக்கலாம். ஆனால், ‘வேண்டாம், வலிக்கிறது’ என்று மாணவர் சொல்ல அங்கே இடம் இருக்க வேண்டும்.

இத்தனையும் சொல்லிவிட்டு மாமியிடம், ‘‘ரெண்டு இடத்துக்கும் ஒரு நடை போய்ப் பாருங்கள். ஆசனம் சொல்லித் தருவதற்கு முன்னால் யார் உங்களைப் பற்றி விசாரிக்கிறார்கள், முடியாது என்றால் யார் விட்டுவிடுகிறார்கள் என்று மட்டும் கவனியுங்கள்’’ என்றேன்.

ஒரு வாரம் கழித்து வந்தார். முகத்தில் கோபம்!

‘‘அந்த மண்டபத்துல முதல்ல பணத்தைக் கட்டச் சொன்னா. சரின்னு மாடி வீட்டுக்குப் போனேன். அந்தப் பொண்ணு முக்கால் மணி நேரம் கேள்வியா கேட்டா. எப்போ சாப்பிடறேள், எத்தனை பிரசவம், முட்டி வலி இருக்கா, ராத்திரி எதை நெனச்சுண்டு படுக்கறேள்னு... கடைசியில என்ன சொல்லிக்கொடுத்தாங்கறேள்? உக்காந்து கையைத் தூக்கி மூச்சை இழு, இறக்கி விடு. அவ்வளவுதான்! இதுக்கா காசு?’’

‘‘நாளைக்குப் போவீங்களா?’’ என்று கேட்டேன்.

‘‘போகாம? முட்டி வலிக்கு ஏத்த மாதிரி நாற்காலி போட்டு வைக்கறேன்னிருக்காளே!’’

கிருஷ்ணமாச்சாரியாருக்கு 96 வயதில் இடுப்பெலும்பு முறிந்தது. அறுவை சிகிச்சை வேண்டாம் என்று மறுத்துவிட்டார். படுக்கையில் படுத்தபடியே செய்யக்கூடிய பயிற்சிகளைத் தனக்கென்று தானே வகுத்துக்கொண்டார். (நாம் யாரும் இதைப் பின்பற்றக் கூடாது, எலும்பு முறிந்தால் ஆஸ்பத்திரிக்குத்தான் போகவேண்டும்!) நூறு வயதைக் கடந்து, 1989 பிப்ரவரியில் சென்னையில் காலமானார். ஒரு காலத்தில் அரண்மனை ஹாலை அதட்டிய அந்த மனிதரின் கடைசிக் காலப் பாடங்களில் ஒன்றுக்கு, அவரே வாத்தியார், அவரே மாணவர்!