ஒரே மதிப்பு, இரு பெயர்: நிரல்மொழிகளில் பகிர்தலின் எல்லை

ஒரு நிரலில் இரண்டு மாறிலிகள் இருப்பதாகக் கொள்வோம். தொடர்பு அறுந்தால் எத்தனை முறை மீண்டும் முயலலாம் என்பதைக் குறிப்பது ஒன்று. அதற்குப் பெயர் 'முயற்சி_உச்சம்', மதிப்பு 5. வாரத்தில் அலுவலகம் இயங்கும் நாள்களைக் குறிப்பது மற்றொன்று. அதற்குப் பெயர் 'வேலை_நாள்கள்', மதிப்பு அங்கும் 5. நினைவகத்தில் இந்த ஐந்தை இரண்டு இடங்களில் எழுதிவைப்பது வீண் என்று தொகுப்பி முடிவு செய்தால் யாருக்கும் நட்டமில்லை. இரண்டு வரையறைகளும் ஒன்றே என்று நிரல்மொழியே முடிவு செய்துவிட்டால் நிலைமை வேறு. ஒத்த மதிப்புகளைத் தாராளமாகப் பகிரலாம். அவை ஒத்திருக்கின்றன என்ற ஒரே காரணத்தால் அவற்றைச் சுட்டும் பெயர்களை இணைத்துவிடக் கூடாது என்பதே இக்கட்டுரையின் வாதம். பெயர் என்பது படிப்பவர் வசதிக்காக ஒட்டப்பட்ட சீட்டு, நிரலின் பொருளில் அதற்குப் பங்கில்லை என்ற கருத்து நிரல்மொழிக் கோட்பாட்டில் வலுவாக வேரூன்றியிருக்கிறது. அதன் ஒரு பாதி சரி, மறுபாதி தவறு.

பகிர்தல் பழைய உத்தி. 1958-இல் சோவியத் கணினி அறிஞர் ஆந்திரேய் எர்ஷோவ், கணிதக் கோவைகளைத் தொகுக்கும் முறை பற்றிய தம் கட்டுரையில் இதை விளக்கினார். ஒரே உட்கோவை இருமுறை வந்தால் ஒருமுறை கணக்கிட்டால் போதும். முன்பு வந்ததா என்பதை அறிய முழுப் பட்டியலையும் தேடவேண்டாம். கோவையின் உள்ளடக்கத்திலிருந்தே ஓர் எண்ணைக் கணக்கிட்டு, அட்டவணையில் அந்த எண்ணுக்குரிய இடத்தில் பார்த்தால் விடை கிடைக்கும். 1974-இல் தோக்கியோ பல்கலைக்கழகத்தின் எயிச்சி கோட்டோ இதே உத்தியை லிஸ்ப் மொழியின் தரவுகளுக்குக் கொண்டுவந்தார். புதிய இணை ஒன்றை உருவாக்கும்போதெல்லாம் அதே உறுப்புகளைக் கொண்ட இணை ஏற்கெனவே இருக்கிறதா என்று பார்ப்பது, இருந்தால் பழையதையே தருவது. இன்று இதை ஹேஷ் கான்சிங் என்கிறோம்.

இதன் பயன் இடச் சிக்கனத்தோடு நின்றுவிடவில்லை. ஒத்தவை எல்லாம் ஒரே இடத்தில் இருந்தால், இரண்டு பெரிய மரவடிவத் தரவுகள் ஒத்தவையா என்று கேட்கக் கிளை கிளையாக இறங்கவேண்டியதில்லை; இரு முகவரிகளை ஒப்பிட்டாலே போதும். 1986-இல் ரேண்டல் பிரையன்ட் ஒரு பூலியன் சார்புக்கு, மாறிகளின் வரிசையை நிலையாக வைத்தால், சுருக்கிய முடிவு வரைபடம் ஒன்றே ஒன்றுதான் அமையும் என்று காட்டினார். அந்த வரைபடங்களைப் பகிர்ந்து சேமிக்கும் நிரல்களில், இரு சுற்றுகள் ஒரே வேலையைச் செய்கின்றனவா என்ற கடினமான கேள்வியின் கடைசிப் படி ஒரு முகவரி ஒப்பீடாகச் சுருங்கிவிட்டது. சில்லு வடிவமைப்பைச் சரிபார்ப்பவர்களுக்கு இது பேருதவி.

ஆனால் இதற்கு ஒரு நிபந்தனை உண்டு: பகிரப்படும் மதிப்பு மாறக் கூடாது. பழைய ஃபோர்ட்ரான் தொகுப்பிகள் இந்த நிபந்தனையைக் காக்கத் தவறின. நிரலில் எங்கெல்லாம் 2 என்று எழுதியிருந்ததோ அங்கெல்லாம் நினைவகத்தின் ஒரே இடத்தைக் காட்டின. துணைநிரல்களுக்கு மதிப்பை அனுப்பாமல் அதன் முகவரியை அனுப்பின. துணைநிரல் தனக்கு வந்ததில் 3 என்று எழுதிவிட்டால், அதன்பின் நிரலில் உள்ள ஒவ்வொரு இரண்டும் மூன்றாகிவிடும். பகிர்ந்தது பிழையன்று. மாற்றக்கூடிய இடத்தையும் மாறாத மதிப்பையும் வேறுபடுத்தாததே பிழை. அந்த வேறுபாட்டைத் தெளிவாக வகுத்தவர்களில் முதன்மையானவர் கிறிஸ்டோபர் ஸ்டிரேச்சி. 1967-இல் கோபன்ஹேகன் கோடைப்பள்ளியில் ஆற்றிய உரைகளில் இடமதிப்பு, வலமதிப்பு என்று அவர் பிரித்துக் காட்டியதன் அடித்தளத்தில்தான் நாம் இன்றும் நிற்கிறோம்.

மாறாத மதிப்புகளிலும் ஒரு தொல்லை எஞ்சுகிறது: பகிர்ந்தது வெளியே தெரிந்துவிடுகிறது. 2004-இல் வந்த ஜாவா 5-ஆம் பதிப்பு முதல், −128 முதல் 127 வரையுள்ள முழு எண்களைத் தானாகப் பொருளாக்கும்போது ஒரே பொருளே திரும்பக் கிடைக்கும் என்று மொழியின் வரையறை உறுதியளிக்கிறது. எனவே இரண்டு 127-களை இரட்டைச் சமக்குறியால் ஒப்பிட்டால் 'ஆம்' என்று வரும். இரண்டு 128-களை ஒப்பிட்டால் வழக்கமாக 'இல்லை' என்று வரும். கணிதத்தில் எந்தக் காரணமும் இல்லாமல் 127-க்கும் 128-க்கும் நடுவே ஒரு வரப்பு எழுந்துவிட்டது. சிறிய எண்களை வைத்துச் சோதித்த நிரல், பெரிய எண்கள் வரும் நாளில் தவறும். பைதானிலும் இதே வகைக் கோளாறு உண்டு. அங்கு 'இஸ்' என்ற செயற்குறியை எண்களோடும் சரங்களோடும் நேரடியாகப் பயன்படுத்தினால் 2019-இல் வந்த 3.8 பதிப்பு முதல் எச்சரிக்கை எழுகிறது. ஹென்றி பேக்கர் 1993-இலேயே இதற்குத் தீர்வு எழுதிவைத்தார்: மாறக்கூடிய பொருள்களை இடத்தால் ஒப்பிடுக, மாறாதவற்றை உள்ளடக்கத்தால் ஒப்பிடுக, இரண்டுக்கும் ஒரே ஒப்பீடு போதும். இந்த விதி இருக்கும் மொழியில் தொகுப்பி எதைப் பகிர்ந்தது என்பதை எந்த நிரலாலும் கண்டுபிடிக்க முடியாது. பகிர்தல் இருக்கவேண்டிய இடம் அதுதான். பரவலாகப் புழங்கும் மொழிகள் பேக்கரின் விதியை இன்னும் முழுமையாக ஏற்காதது வருத்தம் தருகிறது.

இனிப் பெயர்களுக்கு வருவோம். பெயரின் ஒப்புமைக்கும் மதிப்பின் ஒப்புமைக்கும் விதிகள் வேறு என்பதை நம் எழுத்தே காட்டும். 'கொடை' என்ற சொல்லின் முதலெழுத்தை யூனிகோடில் இரு விதமாக எழுதலாம்: ககரத்தை அடுத்து ஒகரக் குறியை ஒரே குறியெண்ணாக இடலாம், அல்லது எகரக் குறியையும் காலையும் தனித்தனிக் குறியெண்களாக இடலாம். திரையில் வேறுபாடு தெரியாது. இரண்டும் நிகரானவை என்று யூனிகோடும் விதிக்கிறது. பைதானில் இவ்விரு வடிவங்களைச் சரங்களாக ஒப்பிட்டால் சமமில்லை என்று விடை வரும். அதே இரு வடிவங்களை மாறிகளின் பெயராக எழுதினால், தமிழ்ப் பெயர்களை ஏற்கும் பைதான் 3 அவற்றை ஒரே வடிவத்துக்கு மாற்றி ஒரே மாறியாகக் கொள்ளும். ஒரே மொழிக்குள், தரவாக நிற்கும்போது இரண்டு. பெயராக நிற்கும்போது ஒன்று. தரவில் கைவைக்காமல் அதை அப்படியே காப்பது ஒரு கடமை, படிப்பவர் எதை ஒரே பெயராகக் காண்கிறாரோ அதை ஒரே பெயராக மதிப்பது வேறொரு கடமை என்று மொழியை அமைத்தவர்கள் உணர்ந்திருக்கிறார்கள். தமிழில் நிரல் எழுதுவோர் இதனால் சில நேரம் குழம்பினாலும், இந்தப் பிரிப்பு நியாயமானது என்றே கருதுகிறேன்.

ஒரு பொருளுக்கு இரு பெயர் இருக்கும்போது, அவை ஒன்றையே சுட்டுகின்றன என்ற செய்தி நமக்கு எப்படிப் புதிதாகிறது? 1892-இல் கோட்லோப் ஃபிரேகே எழுப்பிய கேள்வி இது. விடிவெள்ளியும் அந்திவெள்ளியும் ஒரே வெள்ளிக் கோள். விடிவெள்ளி விடிவெள்ளியே என்பதில் செய்தி இல்லை. விடிவெள்ளியே அந்திவெள்ளி என்பதோ வானியலின் கண்டுபிடிப்பு. சுட்டப்படும் பொருளுக்கு அப்பால், அப்பொருள் நமக்கு எவ்வாறு தரப்படுகிறது என்பதும் பெயரின் பொருளில் அடங்கும் என்பது ஃபிரேகேயின் விடை. முயற்சி_உச்சமும் வேலை_நாள்களும் இன்று ஒரே எண்ணைச் சுட்டுகின்றன. ஆனால் இவை விடிவெள்ளி, அந்திவெள்ளியைவிட ஒரு படி அதிகமாகவே விலகி நிற்கின்றன. வெள்ளிக் கோள் நாளை இரண்டாகப் பிரியாது. இந்த இரு மாறிலிகளோ நாளையே பிரியலாம்: வலையமைப்பு சீரடைந்தால் முன்னது 3 ஆகும், சனிக்கிழமையும் அலுவலகம் திறந்தால் பின்னது 6 ஆகும். நிரலின் பெயர் இன்றைய மதிப்பைச் சுட்டுவதோடு, அந்த மதிப்பு எந்தக் காரணத்தால் மாறக்கூடும் என்பதையும் ஏந்தி நிற்கிறது.

இந்த நுட்பத்தைக் கடுமையான சோதனைக்கு உள்ளாக்கும் மொழி, பால் கியூசானோவும் ரூனார் பியார்னசனும் உடன் உழைப்பவர்களும் உருவாக்கிய யூனிசன். அதில் ஒவ்வொரு வரையறையும் அதன் உள்ளடக்கத்திலிருந்து கணக்கிட்ட 512 பிட் ஹேஷால் அடையாளம் பெறுகிறது. உள்மாறிகளின் பெயர்கள் நீக்கப்படுகின்றன. பிற வரையறைகளைச் சுட்டும் இடத்தில் அவற்றின் ஹேஷ் நிற்கிறது. பெயர்கள் தனியே, ஹேஷுக்கு இணைத்த குறிப்பாகச் சேமிக்கப்படுகின்றன. விளைவுகள் அருமையானவை. பெயரை மாற்றினால் எதுவும் உடையாது, மாறாத நிரலை மீண்டும் தொகுக்க வேண்டாம், ஒரு கணினியிலிருந்து இன்னொன்றுக்கு நிரல்துண்டை அனுப்பும்போது இல்லாத ஹேஷ்களை மட்டும் கேட்டுப் பெறலாம். எர்ஷோவின் அட்டவணை, உலகம் முழுவதற்குமாக விரிந்துவிட்டது என்று சொல்லத் தோன்றுகிறது.

உள்மாறிப் பெயர்களை நீக்கியது முற்றிலும் சரி. ஒரு சார்புக்குள் கட்டுண்ட மாறியின் பெயர் அந்த எல்லைக்கு வெளியே யாருக்கும் எதையும் வாக்களிப்பதில்லை. நிக்கோலாஸ் டி புருய்ன் 1972-இல் பெயர்களுக்குப் பதிலாக எண்களை இட்டு லாம்டா கோவைகளை எழுதிக் காட்டியபோது பொருளில் எதுவும் குறையவில்லை. முன்பு நான் சொன்ன கோட்பாட்டின் சரியான பாதி இதுதான். தவறு, இதே நியாயத்தை மேல்மட்ட வரையறைகளுக்கும் நீட்டும்போது நேர்கிறது. முயற்சி_உச்சமும் வேலை_நாள்களும் யூனிசனில் ஒரே ஹேஷ். அதாவது ஒரே வரையறைக்கு இரு பெயர். ஊதியம் கணக்கிடும் சார்பு வேலை_நாள்களைப் பயன்படுத்தினால், அதற்குள் பதிவாவது ஹேஷ் மட்டுமே. நிரலாளர் எந்தப் பெயரை எண்ணி எழுதினார் என்பது அந்தப் பதிவில் இல்லை. நிரலைத் திரும்பக் காட்டும்போது இரண்டில் எந்தப் பெயரும் வரலாம். பின்னர் வேலை_நாள்கள் 6 என்று திருத்தப்பட்டால், அந்த ஹேஷைச் சார்ந்த சார்புகளில் எவை மாறவேண்டும், எவை அப்படியே நிற்கவேண்டும் என்று பதிவை மட்டும் வைத்துச் சொல்ல இயலாது. பகிர்ந்தபோது தொலைந்தது ஒரு முடிவின் காரணம். மதிப்பு அங்கேயே பத்திரமாக இருப்பதால் அந்த இழப்பு கண்ணில் படுவதில்லை.

இதற்கு ஓர் எதிர்வாதம் உண்டு, அதை எளிதாகத் தள்ளிவிட முடியாது. பெயரையும் ஹேஷுக்குள் சேர்த்தால் பெயர்மாற்றம் மீண்டும் எல்லாவற்றையும் உடைக்கும். இருவர் தனித்தனியே எழுதிய, பட்டியலைத் தலைகீழாக்கும் ஒரே சார்பு இரண்டாக நிற்கும். மொழியின் சிறப்பே போய்விடும். உண்மை. ஆனால் காக்கவேண்டியது பெயரின் எழுத்துகளை அன்று. 'இதைத் தனியாக வரையறுக்கிறேன்' என்று ஒருவர் செய்த அறிவிப்பையே காக்கவேண்டும். அந்த அறிவிப்பின்போது பிறக்கும் தனி அடையாளம் ஒன்றை வரையறையோடு சேர்த்துவிட்டால், பெயர் எத்தனை முறை மாறினாலும் அது மாறாது. இது என் கற்பனை இல்லை. தரவினங்களுக்கு யூனிசனே இதைச் செய்கிறது. ஒரே அமைப்புள்ள இரு தரவினங்களை, எடுத்துக்காட்டாக ஒரு முழு எண்ணை உள்ளடக்கிய நோயாளி எண்ணையும் படுக்கை எண்ணையும், ஒன்றெனக் கொண்டால் ஆபத்து என்று கண்டு, அமைப்பால் அடையாளம் பெறும் தரவினம், தனித்த தரவினம் என்று இரு வகைகளை வகுத்தார்கள். பின்னது பிறக்கும்போதே ஒரு தனிக் குறியைப் பெறுகிறது.

வன்பொருளை விவரிக்கும் லாவா மொழியிலும் இதே தேவை வேறு வழியாக வெளிப்பட்டது. ஹாஸ்கெலுக்குள் எழுதப்படும் அந்த மொழியில் ஒரு வாயிலுக்குப் பெயரிட்டு இரண்டு இடங்களில் பயன்படுத்தினால் பொறியாளர் நினைப்பது ஒரு வாயில், இரண்டு கம்பிகள். ஹாஸ்கெலின் பொருள்விதியின்படி பெயரை நீக்கிக் கோவையை இருமுறை எழுதினாலும் அதே பொருள்தான். சில்லிலோ இரண்டு வாயில்கள் அமைந்துவிடும். கோயன் கிளாசனும் டேவிட் சாண்ட்ஸும் 1999-இல் பகிர்தலை நிரலால் காணக்கூடியதாக்கும் ஒரு சிறு நீட்சியை முன்வைத்தார்கள். ஒத்த இரு வாயில்களை ஒன்றாக்குவதா, தனித்தனியே வைப்பதா என்பது பொறியாளர் எடுக்கும் முடிவு. அந்த முடிவு பெயரிடலில் பதிந்திருந்தது.

ஆக, வரையறைகள் இரு வகை. பட்டியலைத் தலைகீழாக்கும் சார்பு கண்டறியப்படுவது. அதை யார் எங்கே எழுதினாலும் அது அதுவே, பகிர்வதில் ஆதாயமே உண்டு. முயற்சி_உச்சம் ஒருவர் தீர்மானித்தது. அதற்கு உரியவர் உண்டு, காரணம் உண்டு, மாறும் நாளும் உண்டு. உள்ளடக்கத்தை மட்டும் பார்த்து எது எந்த வகை என்று எந்தத் தொகுப்பியாலும் அறிய முடியாது, எழுதுபவர்தான் சொல்லவேண்டும். அவர் எதுவும் சொல்லாதபோது மொழி எந்தப் பக்கம் சாயவேண்டும் என்பதே வடிவமைப்பாளர் முன் உள்ள கேள்வி. தவறாகத் தனித்து நின்ற இரண்டு வரையறைகளைப் பின்னர் இணைப்பது சிறிய வேலை. தவறாக இணைந்தவற்றைப் பிரிக்கவோ, ஒவ்வொரு பயன்பாட்டிலும் எழுதியவர் மனத்தில் இருந்தது எது என்று தேடவேண்டும். தரவினங்களில் யூனிசன் இப்போது எதுவும் சொல்லாவிட்டால் 'தனித்தது' என்றே கொள்கிறது. மாறிலிகளுக்கும் அதே விதியை நீட்டி, சார்புகளை உள்ளடக்கத்தின்படியே பகிர விடலாம். நினைவகத்தில் அந்த ஐந்து ஓரிடத்திலேயே இருக்கட்டும்.