அருணாசலத்தின் ஆங்கிலேய நண்பர்

பேராதனைப் பல்கலைக்கழக வளவில் சேர் பொன்னம்பலம் அருணாசலம் அவர்களின் நாமத்தைத் தாங்கி நிற்கும் விடுதியை அறியாத மாணவர் இலர். இலங்கைக்குத் தனிப் பல்கலைக்கழகம் வேண்டுமென்று முன்னின்று முழங்கியவர் அப்பெரியார். 1919இல் தோன்றிய இலங்கைத் தேசிய காங்கிரஸின் முதல் தலைவர். மாணிக்கவாசக சுவாமிகளின் பாடல்களை ஆங்கிலத்தில் ஆக்கியளித்த சைவ அறிஞர். இவ்வளவும் நம் இளைஞர் பள்ளிப் பருவத்திலேயே படித்திருப்பர். ஆனால் அவருடைய ஆயுட்கால நண்பரான எட்வேட் காப்பெண்டரைப் பற்றிக் கேட்டால் பலர் விழிப்பர். கேட்டறிந்த சிலரும் அவரது வாழ்வின் பாதியை மட்டுமே சொல்வர். மற்றைப் பாதியையும் சேர்த்துச் சொல்லவே இக்கட்டுரை எழுந்தது.

ஆணை நேசிக்கும் ஆண், பெண்ணை நேசிக்கும் பெண், பிறந்தபோது குறிக்கப்பட்ட பாலைவிட்டு மறுபாலாய் வாழ்பவர் ஆகியோரை இக்காலத்தில் பால்புதுமையினர் என்ற பொதுச் சொல்லால் வழங்குகின்றனர். இவர்களைப் பற்றிய பேச்சு எழுந்தவுடன், "இது மேல்நாட்டிலிருந்து வந்த சரக்கு, நம் சமயத்துக்கும் மொழிக்கும் அடுக்காதது" என்று மூத்தோர் சிலர் கூறுவதுண்டு. அம்மூத்தோர்பால் நமக்குள்ள மதிப்பு குன்றாதாயினும், வரலாறு அவர்கள் கூற்றுக்கு ஒத்துவரவில்லை என்பதைச் சொல்லியே ஆகவேண்டும்.

முதலில் மொழியை நோக்குவோம். தமிழிலக்கணத்தின் ஆதிநூலாகிய தொல்காப்பியம், திணையும் பாலும் வகுக்கத் தொடங்கிய இடத்திலேயே, ஆண்மை திரிந்தாரைக் குறிக்கும் பெயருக்கு விதி சொல்கிறது. அவர்களுக்கெனத் தனி ஈறு இல்லையென்றும், உயர்திணைக்குரிய ஈறுகளாலேயே அவர் சுட்டப்படுவர் என்றும் அந்நூல் வகுத்தது. பின்வந்த நன்னூலோ, பெண்மையை விட்டு ஆண்மையை அவாவும் பேட்டினை ஆண்பாலாகவும், ஆண்மையை விட்டுப் பெண்மையை அவாவும் பேட்டினைப் பெண்பாலாகவும் கொள்ளச் சொன்னது. ஒருவர் எதனை அவாவுகிறாரோ அதனையே அவரது பாலாகக் கொள்வது எத்துணை நுட்பமான நோக்கு! ஆயினும் அதே சூத்திரம், அவர்களை அஃறிணை போலவும் வழங்கலாமென்று ஒரு வாயிலைத் திறந்து வைத்தது. மனிதரை மாட்டோடும் மரத்தோடும் சேர்க்கும் அவ்வாயிலை நாம் போற்ற மாட்டோம். பழையன எல்லாம் பொன் என்று சாதிப்பதும் வரலாறன்று.

சிலப்பதிகாரத்தில் மாதவி ஆடிய பதினோராடல்களுள் பேடு என்பதும் ஒன்று. அது காமன் ஆடியதாகக் கூறப்படும் கூத்து. மணிமேகலையிலும் பேடிக்கோலங் கொண்டு ஆடுவோர் வருகின்றனர். விராட நகரத்தில் அருச்சுனன் பிருகன்னளையாய் இருந்து அரசிளங்குமரிக்கு நடனம் பயிற்றிய கதையை நம் வீட்டுப் பாட்டிமார் அறிவர். இன்றும் கண்டியைச் சூழ்ந்த மலையகத் தோட்டங்களில் காமன் கூத்து நடைபெறும்போது ரதியின் வேடத்தைப் பூணுபவர் வழிவழியாக ஓர் ஆண்மகனே. நாடகத்தில் வேடம் புனைவது வேறு, வாழ்வு வேறு என்பதை ஒப்புக்கொள்வோம். எனினும் தமிழகத்துக் கூவாகம் கிராமத்துக் கூத்தாண்டவர் கோயிலில் நிகழ்வது வெறும் வேடமன்று. பாரதப்போரில் களப்பலியாகவிருந்த அரவானை மோகினி வடிவெடுத்துக் கண்ணபிரான் மணந்தார் என்னும் ஐதிகத்தை ஒட்டி, சித்திரைத் திருவிழாவிலே திருநங்கையர் பெருந்தொகையாய்க் கூடித் தாலி கட்டிக்கொள்கின்றனர். மறுநாள் அதனை அறுத்து, வெள்ளை உடுத்து அழுகின்றனர். அவ்வழுகையைக் கேட்டவர் எவரும் அதனை மேல்நாட்டுச் சரக்கென்று சொல்லத் துணியார்.

அப்படியாயின் மேல்நாட்டிலிருந்து வந்தது எது? அது சட்டம். இங்கிலாந்தில் எட்டாம் ஹென்றி மன்னன் காலத்தில், 1533இல், ஆண்களிடையிலான உறவுக்கு மரண தண்டனை விதிக்கும் சட்டம் பிறந்தது. அத்தண்டனை 1861 வரை நீங்கவில்லை. அந்நாட்டார் 1860இல் இந்தியாவுக்கு இயற்றிய தண்டனைச் சட்டக்கோவையில் 377ஆம் பிரிவாக அக்கருத்து நுழைந்தது. கண்டி இராச்சியம் 1815இல் ஆங்கிலேயர் வசமானது. 1859இல் கண்டியரின் பழைய விவாக வழக்கங்களுள் ஒன்றான பலர் ஒருத்தியை மணக்கும் முறை சட்டவிரோதமாக்கப்பட்டது. 1883இல் இலங்கைக்கெனத் தண்டனைச் சட்டக்கோவை வந்தது. அதிலுள்ள 365ஆம் பிரிவும் 365அ பிரிவுமே இத்தீவில் இத்தகையோரைக் குற்றவாளிகளாக்கின. இவற்றை எழுதியவர் நம் ரிஷிகளல்லர், நம் கண்டி மன்னருமல்லர்.

இந்நிலையில்தான் காப்பெண்டர் இங்கு வந்தார்.

அவர் 1844இல் பிறைட்டன் நகருக்கு அண்மையில் வசதியுள்ள குடும்பத்திற் பிறந்தவர். கேம்பிரிட்ஜில் கற்று, அங்கேயே ஒரு கல்லூரியின் அங்கத்தவராகிப் பாதிரியாருமானார். மனம் ஒப்பாமல் 1874இல் குருத்துவத்தைத் துறந்தார். அருணாசலம் அதே கேம்பிரிட்ஜுக்கு 1871இற் சென்றவர். அங்கு அரும்பிய நட்பு கடல்களைத் தாண்டிக் கடிதங்களாய் வளர்ந்தது. 1880ஐ ஒட்டிய காலத்தில் அருணாசலம் பகவத்கீதையின் மொழிபெயர்ப்பொன்றை நண்பருக்குக் கொடுத்துதவினார். தமது பெரும் பாநூல் உருவானதற்கு அந்நூல் தந்த மனவெழுச்சி துணையாயிருந்ததென்று காப்பெண்டரே பின்னர் எழுதினார். ஆள் சற்று விசித்திரமானவர்தான். செல்வத்தை விட்டுச் சிற்றூரொன்றிற் காய்கறித் தோட்டம் செய்தார், மாமிசம் நீத்தார், இந்தியாவிலிருந்து நண்பரொருவர் அனுப்பிய செருப்பைப் பார்த்துத் தாமும் செருப்புத் தைத்து ஆங்கிலேயரின் காலில் மாட்டினார்!

1890ஆம் ஆண்டின் இறுதிப் பகுதியில் அவர் இலங்கையில் வந்திறங்கினார். கண்டியில் வெள்ளைக்காரத் துரைமாரின் விருந்து மண்டபங்களை நாடவில்லை. களுவா என்னும் சிங்களக் குடியானவரோடு தோழமை பூண்டு, அவரது குடும்பத்தாரின் குடிசையும் வயலும் கண்டு மகிழ்ந்தார். 1892இல் வெளியான அவரது பிரயாண நூலில் கண்டிக் குடியானவர் வாழ்க்கைக்கென்றே ஓர் அத்தியாயம் இருக்கிறது. தோட்டக்காரத் துரைமார் எழுதிய நூல்களோடு அதனை ஒப்பிட்டுப் பார்ப்போர், கூலி கணக்கிடும் கண்ணுக்கும் தோழமைக் கண்ணுக்கும் உள்ள வேறுபாட்டை உணர்வர். அந்நூலின் தலைப்பிலேயே நம் சிவனொளிபாதமலை இடம்பெற்றிருக்கிறது.

கண்டியிலிருந்து குருநாகல் சென்றார். அங்கே அருணாசலம் நீதிபதியாயிருந்தார். பிரித்தானிய நீதிமன்றம் இந்நாட்டு மக்கள்மேல் எவ்வாறு அமர்ந்திருக்கிறதென்பதையும் காப்பெண்டர் கவனித்து எழுதினார். நாம் இவ்விடத்திற் சற்று நின்று எண்ணிப்பார்க்க வேண்டும். 1883ஆம் ஆண்டுச் சட்டக்கோவை நடைமுறையிலிருந்த நாட்டில், நீதியாசனத்தில் வீற்றிருந்தவர் அருணாசலம். அச்சட்டக்கோவை குற்றமென்று சொல்லும் இயல்புடையவராய் அவருடைய இல்லத்து விருந்தினராக வந்தவர் அவர் நண்பர்.

குருநாகலில் அருணாசலம் தம் நண்பரை இராமசுவாமி என்னும் தமிழ் ஞானியாரிடம் அழைத்துச் சென்றார். தில்லைநாதசுவாமி என்பாரின் சீடர் அவர். வெள்ளையரொருவர் தமிழ்க் குருவின் முன் மாணாக்கனாய் அமர்வது அக்காலத்தில் எளிதிற் காணும் காட்சியன்று. எண்ணங்களை அடக்குவது எப்படி, எண்ணம் ஒடுங்கியபின் எஞ்சும் அறிவு யாது, தான் என்னும் வேறுபாடு நீங்கிய நிலையெது என்பவற்றைக் குரு உபதேசிக்க, காப்பெண்டர் கேட்டெழுதினார். அப்பகுதி அவர் நூலில் நான்கு அத்தியாயங்களாக விரிகிறது. ஆணை நேசிக்கும் ஆணின் இயல்பு பற்றி ஞானியார் யாதேனும் அருளினாரென்று நாம் கூறவரவில்லை; அப்படிக் கூறுவது கட்டுக்கதை. சாதி, நிறம், உடல் ஆகிய வேற்றுமைகளை ஆன்மாவின் மேற்போர்வையென்று கேட்டுச் சென்ற ஒருவர், ஊர் திரும்பியபின் எதைச் செய்தார் என்பதுதான் நாம் காட்டக்கூடியது.

1891இல் ஊர் திரும்பிய அவர், அவ்வாண்டிலேயே புகைவண்டியில் ஜோர்ஜ் மெறில் என்னும் ஏழைத் தொழிலாளியைச் சந்தித்தார். ஒருவர் கேம்பிரிட்ஜ் கனவான், மற்றவர் ஷெபீல்ட் நகரத்துச் சேரியில் வளர்ந்தவர். 1898 முதல் இருவரும் ஒரே வீட்டில், ஊரறிய, இல்லறம் நடத்துவோர் போல வாழ்ந்தனர். இங்கிலாந்தில் 1885ஆம் ஆண்டுச் சட்டம் ஆண்களிடையிலான எவ்வுறவையும் சிறைக்குரியதாக்கியிருந்த காலம் அது. 1894இல் காப்பெண்டர் இத்தகைய அன்பை ஆதரித்துச் சிறுநூலொன்றைத் தனிப்பட அச்சிட்டார். மறுவருடம் ஒஸ்கார் வைல்ட் என்னும் பேரெழுத்தாளர் இதே குற்றத்துக்காகச் சிறையிலிடப்பட்டார். வெளியீட்டாளர் அஞ்சிக் காப்பெண்டரின் அடுத்த நூலைக் கைவிட்டனர். அவரோ மஞ்செஸ்டர் தொழிலாளர் அச்சகத்தில் 1896இல் அதனை வெளியிட்டார். 1908இல் இடைப்பட்ட பாலினர் பற்றிய நூலொன்று வந்தது. 1914இல் இன்னொன்று; அதிலே, ஆணும் பெண்ணுமாய் ஒருங்கு நிற்கும் சிவபிரானின் எலிபென்டாச் சிற்பத்தை அவர் எடுத்துக்காட்டினார். அர்த்தநாரீசுவரரை நாம் பூசையறையில் வைத்தோம். அவ்வடிவின் பொருளைச் சிறைக்கஞ்சும் மனிதர்களுக்குத் துணையாக அழைத்தவர் இவ்வாங்கிலேயர். 1913இல் அவ்வீட்டுக்கு வந்துபோன எழுத்தாளர் போஸ்டர், அங்கு பெற்ற தூண்டலால் மொறிஸ் என்னும் நாவலை எழுதினார். ஆனால் அது அச்சேறியது அவர் இறந்தபின், 1971இல். அத்துணை அச்சம் நிலவிய நாட்டிலே காப்பெண்டர் தம் பெயரையே போட்டு எழுதினார்.

இந்நூல்கள் வெளிவந்து உலகறிந்த பின்னரும் அருணாசலத்தோடு அவர் கொண்ட நட்பு அறுபடவில்லை. அருணாசலம் 1924இல் யாத்திரையின்போது மதுரையில் இறைவனடி சேர்ந்தார். அவர் தமக்கெழுதிய ஞானக் கடிதங்களைத் தொகுத்து, கீழைத்தேய ஒளியென்னும் பொருள்படும் பெயரிட்டு 1927இல் வெளியிட்டவர் காப்பெண்டரே. மறுவருடம் மெறில் மறைந்தார். 1929இல் காப்பெண்டரும் மறைந்தார். இருவரும் கில்ட்போர்ட் நகரில் ஒரே இடத்தில் அடக்கமாகியுள்ளனர்.

இங்கிலாந்து 1967இல் அச்சட்டத்தைத் தளர்த்திற்று. எழுதிக் கொடுத்தவர் தம் வீட்டில் அதனைக் களைந்துவிட்டார். வாங்கி வைத்துக்கொண்ட நாமோ 1995இல் அதற்கு உரமிட்டோம். அதுவரை ஆண்களை மட்டும் சுட்டிய 365அ பிரிவு அவ்வாண்டுத் திருத்தத்தால் பெண்களுக்கும் விரிந்தது. அதே 1995இல்தான் கொழும்பில் ஷேர்மன் டி றோஸ் என்பார் முதன்முதலாக இத்தகையோருக்கென ஒரு சங்கத்தைத் தோற்றுவித்தார். முந்திய ஆண்டில், கொழும்புத் தமிழ்ச் சிறுவனொருவனின் உள்ளத்தை 1983 கலவரப் பின்னணியில் வைத்து ஷியாம் செல்வதுரை எழுதிய ஆங்கில நாவல் வெளியாகியிருந்தது. 2004இல் றொசானா பிளேமர் கல்தேரா இன்னொரு நிறுவனத்தைத் தொடக்கினார். 2016இல் பால்மாற்றச் சான்றிதழ் பெற வழிசெய்யும் சுற்றறிக்கையைச் சுகாதார அமைச்சு வெளியிட்டது. கடல் கடந்த தமிழகத்திலோ 2008இல் திருநங்கையருக்கு நலவாரியம் அமைந்தது. தஞ்சைக் கிட்டப்பா பிள்ளையின் மாணாக்கியும் திருநங்கையுமான நர்த்தகி நடராஜ் 2019இல் பத்மஸ்ரீ விருது பெற்றார். அதே ஆண்டில், தூத்துக்குடிக் கோயிலொன்றில் மணமுடித்த திருநங்கையின் வழக்கிலே, இந்து விவாகச் சட்டத்தின் மணமகள் என்னும் சொல் திருநங்கையையும் தழுவுமென்று மதுரையில் அமர்ந்த நீதிபதி சுவாமிநாதன் தீர்ப்பளித்தார். அத்தீர்ப்பில் நம் இதிகாசங்களும் பேசப்பட்டன.

இவை பெரிய இடத்துச் செய்திகள். நம் அருகிலுள்ளது வேறு. நடையிலோ குரலிலோ சற்று வேறுபட்ட ஒரு பையனை எண்ணொன்றாற் பெயரிட்டு அழைத்து வகுப்பே சிரிப்பதை நம் இளைஞர் பலர் கண்டிருப்பர்; சிலர் சேர்ந்தும் சிரித்திருப்பர். விடுதி அறையில் தனித்திருந்து, தன்னைப்போல் இவ்வுலகில் யாரும் பிறக்கவில்லையென எண்ணி மறுகும் பிள்ளைக்கு, தான் படுத்துறங்கும் விடுதிக்குப் பெயர் தந்த பெரியாரின் உற்ற நண்பர் யாரென்பது சொல்லப்படுவதில்லை. பெற்றோரும் பெரியோரும் இதைச் சொல்லக் கூசுவதேன்? அருணாசலம் கூசினாரல்லர்.

365ஆம், 365அ பிரிவுகளைத் திருத்தப் பாராளுமன்ற உறுப்பினர் பிரேம்நாத் தொலவத்த தனிநபர் மசோதாவொன்றைக் கொண்டுவந்தார். அது அரசியலமைப்புக்கு முரணன்று என்று உயர் நீதிமன்றம் தீர்மானித்ததை 2023 மே மாதத்தில் சபாநாயகர் அவையில் அறிவித்தார். 2024 செப்டெம்பரில் பாராளுமன்றம் கலைக்கப்பட்டபோது, வாக்கெடுப்பைக் காணாமலே அம்மசோதா காலாவதியாயிற்று.