சொத்து வழக்குகளில் கூட்டு விசாரணை வளர்ந்த வரலாறு

ஒரு சொத்தைப் பற்றிய தகராறு ஒரே வழக்கோடு நிற்பது அரிது. உடன்பிறந்தவர்களுள் ஒருவர் பாகப்பிரிவினை கோருவார். அதே நிலத்தைக் கிரயம் வாங்கியவர், தம் அனுபவத்தில் யாரும் தலையிடக் கூடாதென்று நிரந்தர உறுத்துக் கட்டளை கேட்பார். குத்தகைதாரர் இன்னொரு வழக்கோடு வருவார். மூன்றுக்கும் அடிப்படை, சொத்து யாருடையது என்ற ஒரே கேள்விதான். தனித்தனியே விசாரித்தால், ஒரு நீதிமன்றத்தில் செல்லும் என்று ஏற்கப்பட்ட பத்திரம் இன்னொன்றில் செல்லாததாகிவிடலாம். இந்த முரணைத் தவிர்க்க வளர்ந்ததே கூட்டு விசாரணை.

இதன் வேர் இங்கிலாந்தில் இருக்கிறது. ஒரு கப்பலுக்குப் பலர் சேர்ந்து காப்பீடு கொடுத்திருந்தால், இழப்பு நேர்ந்தபோது அவர்கள் ஒவ்வொருவர் மீதும் தனி வழக்கு எழுந்தது. 18ஆம் நூற்றாண்டில் மான்ஸ்ஃபீல்ட் பிரபுவின் நீதிமன்றம், ஒரு வழக்கை மட்டும் விசாரித்து, மற்றவர்களை அதன் முடிவுக்குக் கட்டுப்படுத்தும் நடைமுறையை நிலைநிறுத்தியது.

இந்தியாவில் 1859ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டம், ஒருமுறை தீர்ந்ததை மீண்டும் விசாரிக்கக் கூடாது என்ற முன்தீர்ப்புத் தடையைச் சொன்னது. ஒரே விவகாரம் முந்திய வழக்கில் நிலுவையில் இருந்தால் பிந்தியதன் விசாரணையை நிறுத்தும் விதி 1877ஆம் ஆண்டுச் சட்டத்தில் இடம்பெற்றது. இன்றும் நடப்பிலுள்ள 1908ஆம் ஆண்டுச் சட்டத்தில் இவை 11, 10ஆம் பிரிவுகள். இரண்டுமே பிந்திய வழக்கைத் தடுப்பவை. வழக்குகளை இணைப்பது பற்றி அச்சட்டம் தனி விதி எதையும் வகுக்கவில்லை.

அந்த இடைவெளியை நீதிபதிகளே நிரப்பினர். 1905இல் கல்கத்தா உயர் நீதிமன்ற நீதிபதி உட்ராஃப், நீதிமன்றத்தின் அதிகாரம் சட்டத்தின் எழுத்தோடு முடிந்துவிடுவதில்லை என்று விளக்கினார். வழக்குகளை ஒருங்கிணைப்பதையும் நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரங்களுள் ஒன்றாகக் குறிப்பிட்டார். மூன்றாண்டுகள் கழித்து வந்த சட்டம், அந்த அதிகாரத்தை 151ஆம் பிரிவில் வெளிப்படையாக ஏற்றது. கூட்டு விசாரணைக்கு இன்றளவும் பெரும்பாலான மாநிலங்களில் இப்பிரிவே ஆதாரம். உத்தரப் பிரதேசம் மட்டும் 1976ஆம் ஆண்டுத் திருத்தத்தால் இதற்கெனத் தனிக் கட்டளை ஒன்றைச் சேர்த்துக்கொண்டது.

பழைய சென்னை மாகாணத்தில் இன்னொரு சிக்கலும் இருந்தது. 1873ஆம் ஆண்டின் சென்னை உரிமையியல் நீதிமன்றங்கள் சட்டப்படி, வழக்கின் மதிப்பைப் பொறுத்து அது மாவட்ட முன்சீப் நீதிமன்றத்துக்கோ சார்பு நீதிமன்றத்துக்கோ போகும். உறுத்துக் கட்டளை வழக்கு முன்சீப்பிடமும், அதே நிலத்தின் பாகப்பிரிவினை வழக்கு சார்பு நீதிபதியிடமும் நடக்க நேர்ந்தது. இத்தகைய வழக்குகளை 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 24ஆம் பிரிவின்கீழ் மாவட்ட நீதிமன்றமோ உயர் நீதிமன்றமோ ஒரே இடத்துக்கு மாற்றிய பிறகே சேர்த்து விசாரிக்க முடியும்.

எப்போது சேர்க்கலாம் என்பதற்கான அளவுகோல்களும் படிப்படியாகத் தெளிவடைந்தன. 10ஆம் பிரிவின்படி ஒரு வழக்கை நிறுத்திவைக்க, இரு வழக்குகளிலும் தரப்பினரும் நேரடியான முக்கியப் பிரச்சினையும் ஒன்றாக இருக்க வேண்டும். கூட்டு விசாரணைக்கு அத்தனை முழுமையான ஒற்றுமை தேவையில்லை. சட்டக் கேள்விகளோ பொருண்மைக் கேள்விகளோ கணிசமாகப் பொதுவாக இருப்பதும், அதே பத்திரங்களும் சாட்சிகளும் திரும்ப வருவதும், பிரித்து விசாரித்தால் முரண்பட்ட தீர்ப்புகள் வரக்கூடும் என்பதும் போதிய காரணங்கள். மாறாக, ஒரு வழக்கில் சாட்சியம் முடிந்து மற்றதில் எழுவினாக்கள்கூட வனையப்படாத நிலையில் இணைப்பது, முடியும் தறுவாயிலுள்ள வழக்கைத் தாமதப்படுத்தும். 2004இல் உச்ச நீதிமன்றம், சட்டத்தில் தனி விதி இல்லாவிட்டாலும் 151ஆம் பிரிவின்கீழ் வழக்குகளை இணைக்கலாம் என்பதை உறுதிசெய்தது.

இணைத்த பின் ஒரு வழக்கில் சாட்சியம் பதிவாகும்; அதுவே மற்றவற்றுக்கும் சாட்சியமாகும். தீர்ப்பு பொதுவானது. ஆனால் வழக்குகள் ஒன்றாகிவிடுவதில்லை. ஒவ்வொன்றுக்கும் தனித் தீர்ப்பாணை உண்டு.

இந்த வேறுபாட்டைக் கவனிக்காமல் உரிமை இழந்தவர்கள் உண்டு. 1966இல் உச்ச நீதிமன்றம் தீர்த்த ஒரு தகராறில் நான்கு வழக்குகள் ஒன்றாக விசாரிக்கப்பட்டிருந்தன. மேல்முறையீடுகளுள் ஒன்று காலக்கெடு கடந்ததாலும், இன்னொன்று ஆவணங்களை அச்சிட நடவடிக்கை எடுக்காததாலும் தள்ளுபடியாயின. அந்தத் தள்ளுபடியே எஞ்சிய மேல்முறையீடுகளுக்கு முன்தீர்ப்புத் தடையாயிற்று. 1976இல், தண்ணீர் கொண்டுசெல்லும் உரிமை குறித்துக் கேரளத்து நிலக்காரர்கள் ஒருவர்மேல் ஒருவர் தொடுத்த வழக்குகளிலும் இதே நெறி உறுதியானது. ஒரு வழக்கின் தீர்ப்பாணையை எதிர்க்காமல் விட்டவர்கள், மற்றதிலும் அதே பிரச்சினையை மீண்டும் எழுப்ப முடியவில்லை.

ஆகவே, கூட்டு விசாரணையில் தோற்றவர் தமக்குப் பாதகமான தீர்ப்பாணை ஒவ்வொன்றையும் எதிர்த்துத் தனித்தனியே, உரிய காலக்கெடுவுக்குள் மேல்முறையீடு செய்ய வேண்டும் என்பது இம்முறையின் நிலைபெற்ற விதியாக இருக்கிறது.